பாரிஸின் தமிழ் ஏடுகளும் பழைய இசையும்: இணையத்தில் தேடும் வழி

பாரிஸ் மாநகரின் வடக்குத் தொடருந்து நிலையத்துக்கு அருகே, 10ஆம் 18ஆம் வட்டாரங்கள் சந்திக்கும் இடத்தில் அமைந்துள்ள லாச்சப்பல், 1980களிலிருந்து ஈழத்தமிழர் அங்கு வந்து கடைகளும் உணவகங்களும் அச்சகங்களும் நடத்தத் தொடங்கியதால், ஐரோப்பாவில் தமிழ்ப் பெயர்ப்பலகைகள் மிகுந்த தெருக்களில் ஒன்றாக இன்று அறியப்படுகிறது. 1985இல் தோன்றிய மாணிக்க விநாயகர் ஆலயமும் அதன் ஆவணி மாதத் தேர்த்திருவிழாவும் அப்பகுதிக்குப் பெயர் வாங்கித் தந்துள்ளன. அங்கிருந்து தெற்கே சுமார் மூன்று கிலோமீட்டர் தொலைவில், ரிஷெலியூ தெருவில் உள்ள பிரான்ஸ் தேசிய நூலகத்தின் பழைய கட்டடத்தில், மூன்று நூற்றாண்டுகளாகத் தமிழ்நாட்டிலிருந்தும் புதுச்சேரியிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் வந்து சேர்ந்த தமிழ் ஏட்டுச்சுவடிகளும் தாள் சுவடிகளும் நூற்றுக்கணக்கில் பாதுகாக்கப்படுகின்றன. இவ்வளவு அருகில் இவை இருப்பதை லாச்சப்பலுக்கு மளிகை வாங்க வருவோரில் மிகச் சிலரே அறிவர். அவற்றுள் பல இப்போது பக்கம் பக்கமாகப் படமெடுக்கப்பட்டு இணையத்தில் இலவசமாக வைக்கப்பட்டிருப்பதால், லாச்சப்பலில் இருப்பவருக்கும் சாவகச்சேரியில் இருப்பவருக்கும் சிதம்பரத்தில் இருப்பவருக்கும் அவை ஒரே தொலைவில்தான் உள்ளன.

தேசிய நூலகம் 1997இல் தொடங்கிய இணைய நூலகத்தின் பெயர் கலிக்கா. இத்தகைய டிஜிட்டல் ஆவணகங்களைப் பயன்படுத்த முனைபவர் முதலில் மூன்று படிநிலைகளைப் பிரித்தறிதல் வேண்டும். ஒரு நூலோ சுவடியோ இசைத்தட்டோ இருக்கிறது என்று மட்டும் சொல்லும் விவரக்குறிப்பு முதல் நிலை. அதன் பக்கங்களைப் படமாகக் காட்டுவதோ ஒலியைக் கேட்கத் தருவதோ இரண்டாம் நிலை. பக்கத்தில் உள்ள எழுத்துகளைக் கணினி படித்து, சொல்லைக் கொடுத்தால் வரியைக் காட்டும்படி செய்து வைப்பது மூன்றாம் நிலை. அச்சான பிரெஞ்சு நூல்களும் செய்தித்தாள்களும் கலிக்காவில் பெரும்பாலும் மூன்றாம் நிலையை எட்டிவிட்டன. தமிழ்ச் சுவடிகள் இரண்டாம் நிலையில் நிற்கின்றன. ஆகவே, ஒரு பாடலின் முதலடியைத் தமிழில் தட்டச்சு செய்து தேடி, எதுவும் கிடைக்காமல் திரும்புபவர், பாரிஸில் அது இல்லை என்று முடிவு கட்டிவிடுவது தவறாகும். சுவடி அங்கே இருக்கலாம்; அதை எந்தப் பெயரில் பதிந்திருக்கிறார்கள் என்பதே கேள்வி.

அந்தப் பெயர்களைப் புரிந்துகொள்ளச் சுவடிகள் பாரிஸுக்குப் போன வரலாறு துணை செய்கிறது. தென்னிந்தியாவில் பணியாற்றிய இயேசு சபைப் பாதிரியார்கள் 18ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் பிரெஞ்சு அரச நூலகத்துக்கு அனுப்பிய ஏடுகள் 1739இல் அச்சான இலத்தீன் பட்டியலிலேயே இடம்பெற்றன. அடுத்த நூற்றாண்டில் புதுச்சேரி நிர்வாகத்தில் பணியாற்றிய எதுவார் சிமோன் ஏரியேல், 1818இல் பிறந்து 1854இல் இளவயதிலேயே புதுச்சேரியில் மறைந்தவர், தம் குறுகிய வாழ்நாளுக்குள் இலக்கியம், இலக்கணம், மருத்துவம், நாடகம் என்று வேறுபாடு பாராமல் தமிழ்ச் சுவடிகளைத் திரட்டியதோடு, திருக்குறளின் சில பகுதிகளைப் பிரெஞ்சில் பெயர்த்துப் பாரிஸில் வெளிவந்த ஆசியக் கழக இதழிலும் அச்சிட்டார். ஆனந்தரங்கப் பிள்ளை 1736 முதல் 1761 வரை எழுதிய நாட்குறிப்பு 1846இல் புதுச்சேரியில் வெளிச்சத்துக்கு வந்தபோது, அதைப் படியெடுக்கச் செய்து பிரான்ஸுக்குக் கிடைக்கும்படி செய்தவரும் ஏரியேலே. மூல ஏடுகளில் சில பின்னாளில் காணாமற்போன நிலையில், பாரிஸில் உள்ள அந்தப் படி ஆராய்ச்சியாளர்களுக்கு எத்துணை இன்றியமையாதது என்பதைச் சொல்லத் தேவையில்லை. ஏரியேலின் திரட்டு இல்லாமற்போயிருந்தால் பாரிஸின் தமிழ்ச் சுவடிப் பகுதி மிகவும் மெலிந்த ஒன்றாகவே இருந்திருக்கும். தமிழ்ப் பதிப்பு வரலாற்றில் அவருக்கு இன்னும் உரிய இடம் தரப்படவில்லை என்றே கருத வேண்டியுள்ளது.

அவருக்குப் பின் வந்தவர் ழூலியன் வின்சோன். காரைக்காலில் வளர்ந்து, பாரிஸில் கீழைமொழிப் பள்ளியில் தமிழ்ப் பேராசிரியராக இருந்த இவர், உ. வே. சாமிநாதையரோடு கடிதத் தொடர்பு வைத்திருந்தார். பாரிஸ் நூலகத்துத் தமிழ்ச் சுவடிகளைப் பற்றி அவர் எழுதிய செய்தி ஐயரின் ‘என் சரித்திரம்’ நூலில் இடம்பெற்றுள்ளது. கும்பகோணத்தில் இருந்துகொண்டு ஊர் ஊராக ஏடு தேடிய ஐயருக்குக் கடல் கடந்த நகரத்தின் சுவடிகளைப் பற்றி அறியக் கடிதம் ஒன்றே வழியாக இருந்தது. வின்சோன் 1900இல் வெளியிட்ட பௌத்த, சமணக் கதைகள் என்ற இரு தொகுதி நூல் சிந்தாமணி, சிலப்பதிகாரம், மணிமேகலை ஆகியவற்றைப் பிரெஞ்சு வாசகருக்கு அறிமுகம் செய்தது. பின்னர் 1912இல் அந்துவான் கபாத்தோன் தேசிய நூலகத்தின் இந்திய, இந்தோசீன, மலாய்ச் சுவடிகளுக்கு ஒரு சுருக்கப் பட்டியலை அச்சிட்டார். ஒவ்வொரு சுவடிக்கும் ‘இந்தியன்’ என்ற பொருளுடைய பிரெஞ்சுச் சொல்லும் ஓர் எண்ணும் கொண்ட அடையாளம் உண்டு. நூற்பெயர் மாறினாலும், எழுத்துக்கூட்டல் மாறினாலும் அந்த எண் மாறுவதில்லை என்பதால், தேடுபவர் குறித்து வைக்க வேண்டிய முதற் செய்தி அதுவே.

எழுத்துக்கூட்டல் உண்மையிலேயே பெருந்தடையாகும். தமிழின் உகர ஒலிக்கு ஆங்கிலம் ‘யு’ என்ற ஓர் எழுத்தை இடும் இடத்தில் பழைய பிரெஞ்சு நூல்கள் ‘ஓ’, ‘யு’ என்ற இரண்டையும் சேர்த்து எழுதின. எனவே திருக்குறள் என்பது அங்கே இரண்டு உகரங்களுக்கும் இரட்டை எழுத்துகள் பெற்று நீண்டு நிற்கும். ‘பிள்ளை’ என்ற பட்டத்தை வின்சோன் ‘புல்லே’ என்று வாசிக்கத்தக்க வடிவில் எழுதியதால், ஆனந்தரங்கப் பிள்ளையின் பெயரை ஆங்கில முறையில் இட்டுத் தேடுபவருக்கு வின்சோன் 1894இல் வெளியிட்ட நாட்குறிப்புப் பகுதிகளின் தொகுப்பு அகப்படாது. இன்றைய பட்டியலாளர்களோ எழுத்துகளின் மேலும் கீழும் புள்ளியும் கோடும் இட்ட கல்வித்துறை ஒலிபெயர்ப்பைக் கையாளுகின்றனர். ஆகவே ஒரே நூலை ஆங்கில முறையிலும், பழைய பிரெஞ்சு முறையிலும், ஒலிபெயர்ப்பு முறையிலும் தேடிப் பார்த்தல் வேண்டும். அதுவும் பயனளிக்காவிடில் ‘தமூல்’ என்று ஒலிக்கும் பிரெஞ்சு மொழிப்பெயரையும் ‘சுவடி’ என்பதற்கான பிரெஞ்சுச் சொல்லையும் இட்டு, வரும் முடிவுகளை ஒவ்வொன்றாகப் புரட்டுவதே வழி. மெதுவான வேலைதான், ஆனால் தேடாத ஒன்று கண்ணில் படுவதும் இப்படிப் புரட்டும்போதுதான்.

ஏடு திரையில் தோன்றியதும் அதைப் படிப்பதற்குச் சிறிது பழக்கம் தேவைப்படும். அகலக் குறைவும் நீள மிகுதியும் கொண்ட ஓலையில் கயிறு கோத்த துளை தெரியும். இடப்பக்க ஓரத்தில் தமிழ் எண்ணில் ஏட்டெண் இருக்கும். எழுத்தாணியால் கீறிய வரிகள், மை தடவியிருந்தால் கருத்தும், இல்லாவிடில் ஓலையின் நிறத்திலேயே மங்கியும் காணப்படும். மெய்யெழுத்துக்குப் புள்ளி இடும் வழக்கம் ஏட்டில் பெரும்பாலும் இல்லை; எகர ஏகாரங்களும் ஒகர ஓகாரங்களும் வேறுபடா; துணைக்காலும் ரகரமும் ஒன்றுபோலவே எழுதப்பட்டிருக்கும்; சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைவெளி விடப்பட்டிராது. தெரிந்த ஒரு நூலின் அச்சுப் பதிப்பைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, கடவுள் வாழ்த்திலிருந்து ஏட்டோடு ஒப்பிட்டுக்கொண்டே போனால் கண் விரைவில் பழகிவிடும். திரையில் பெரிதாக்கிப் பார்க்கும் வசதி இருப்பதால், பழைய பதிப்பாசிரியர்கள் விளக்கொளியில் கண் நோகப் பார்த்த ஓரக்குறிப்புகளை இன்றைய வாசகர் தெளிவாகக் காண முடிகிறது.

அந்த ஓரக்குறிப்புகளையே பொருளாகக் கொண்டு 2019இல் பாரிஸ், ஹம்பர்க் நகரங்களின் ஆய்வாளர்கள், எம்மானுவேல் பிரான்சிஸ், ஏவா வில்டன் ஆகியோர் தலைமையில், ஓர் இருநாட்டுத் திட்டத்தைத் தொடங்கினர். ஏட்டின் தொடக்கத்திலும் முடிவிலும் எழுதியவர் சேர்த்த வாழ்த்துப் பாடல்கள், நூலையும் ஆசிரியரையும் புகழும் தனிச்செய்யுள்கள், எழுதி முடித்த ஆண்டு, மாதம், ஊர், உடையவர் பெயர் ஆகியவற்றைக் கூறும் முடிப்புரைகள் முதலியன, மூல நூலைப் பதிப்பித்தவர்களால் பெரும்பாலும் கைவிடப்பட்டவை. ஒரு நூலை யார் படித்தார்கள், எந்த ஊரில் படியெடுத்தார்கள், எதற்காக வைத்திருந்தார்கள் என்ற செய்திகள் அவற்றிலேயே உள்ளன. இலக்கியத்தின் அருமை அதன் மூலத்தில் மட்டுமே இருப்பதாக எண்ணி ஓலையின் ஓரங்களைப் புறக்கணித்தவர்களால் தமிழ்ப் படிப்பு வரலாறு இழந்தது அதிகம்.

இசையின் பக்கம் திரும்பினால், தேடலின் இயல்பு மாறுகிறது. ஒலிப்பதிவு தோன்றும் முன்னரே தமிழிசை பாரிஸில் கேட்டிருக்கிறது. கடலூருக்கு அருகிலுள்ள திருவஹீந்திரபுரத்தைச் சேர்ந்த தேவதாசியர் ஐவரும் இசைக்கலைஞர் மூவரும் புதுச்சேரியில் ஒப்பந்தம் செய்யப்பட்டு, 1838ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் பாரிஸுக்கு வந்து வரியேத்தே நாடக அரங்கில் ஆடினர். மோன்மார்த்ர் பெருந்தெருவில் உள்ள அவ்வரங்கு இன்றும் இயங்குகிறது. அக்குழுவின் அம்மணி என்ற இளம்பெண்ணைப் பற்றிக் கவிஞர் தெயோஃபீல் கோத்தியே ‘லா பிரெஸ்’ நாளிதழில் விரிவாக எழுதினார். சிற்பி ஒகுஸ்த் பார் அவரது உருவத்தைச் சிலையாக வடித்தார். நூல்களில் ஓரிரு வரிகளில் கடந்து செல்லப்படும் இந்நிகழ்ச்சியை, கலிக்காவில் உள்ள அந்நாளைய செய்தித்தாள்களின் வழியே நாள் வாரியாகத் தொடர முடியும். கோயில் நடனப் பெண்களைக் குறிக்கப் பிரெஞ்சுக்காரர் ஆண்ட சொல் ‘பயதேர்’ என்பதாகும். அச்சொல்லை இட்டு, தேதி வரம்பை 1838 ஜூலை முதல் டிசம்பர் வரை என்று சுருக்கினால், அரங்க விளம்பரங்களும் விமரிசனங்களும் கேலிக் குறிப்புகளும் அடுத்தடுத்து வரும். அவற்றை எழுதியவர்கள் தமிழோ தாளமோ அறியாதவர்கள். கீழைநாட்டைப் பற்றிய தம் கற்பனையையே பல இடங்களில் எழுதி வைத்தார்கள். ஆயினும் என்னென்ன உருப்படிகள் ஆடப்பட்டன, என்ன கருவிகள் ஒலித்தன, பெண்கள் என்ன அணிந்திருந்தனர் என்பதற்கு அவையே நேர்சாட்சி. கற்பனையையும் கண்டதையும் பிரித்தறிந்து படிக்கும் பொறுப்பு, அந்தக் கலைஞர்களின் மொழியைப் பேசும் வாசகருக்கே அதிகம் உண்டு.

ஒலிப்பதிவுகளும் பாரிஸில் ஏராளம். 1900ஆம் ஆண்டு உலகக் கண்காட்சிக்கு வந்த பல நாட்டு மக்களின் பேச்சையும் பாட்டையும் மருத்துவர் லியோன் அசுலே மெழுகு உருளைகளில் பதிந்தார். சுமார் 400 உருளைகள் கொண்ட அத்தொகுப்பு பிரெஞ்சு இனவிசையியல் ஆய்வு மையத்தின் பொறுப்பில் உள்ளது. மனித அருங்காட்சியகத்தின் ஒலித்தொகுப்புகளையும் சேர்த்து அம்மையம் 2011இல் இணையத்தில் திறந்த ஆவணகத்தில், சில பதிவுகளை எவரும் கேட்கலாம். சிலவற்றுக்கு அனுமதி பெற வேண்டும். மொழியறிஞர் ஃபெர்தினான் ப்ருனோ 1911இல் பாரிஸ் பல்கலைக்கழகத்தில் நிறுவிய பேச்சு ஆவணகத்தின் பதிவுகள் கலிக்காவில் உள்ளன. பாரிஸுக்கு வெளியே, சிக்காகோ பல்கலைக்கழகத்தின் தென்னாசிய டிஜிட்டல் நூலகம், கிரியர்சன் என்ற அறிஞர் நடத்திய இந்திய மொழிக்கணக்கெடுப்பை ஒட்டி 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் பதிவான இசைத்தட்டுகளை, தமிழ் உட்பட, இலவசமாகக் கேட்கத் தருகிறது. நூறாண்டுக்கு முந்தைய பேச்சுத் தமிழ் எப்படி ஒலித்தது என்று அறிய விரும்புவோர் தவறவிடக் கூடாத இடம் அது.

கச்சேரி இசைக்கு வரும்போது, 78 சுழற்சி இசைத்தட்டுகளைச் சேகரிப்போர் இணைய ஆவணகம் என்ற அமெரிக்க நிறுவனத்தின் தளத்தில் ஏற்றியவையே பெருஞ்செல்வம். 1938இல் மறைந்த வீணை தனம்மாளின் வாசிப்பு, வீடுகளின் கூடத்தில் சிலருக்கு மட்டுமே கேட்டது, இன்று உலகின் எந்த மூலையிலும் கேட்கக் கிடைக்கிறது என்றால், அதற்குக் காரணம் கீறல் விழுந்த தட்டுகளைத் தூக்கி எறியாமல் வைத்திருந்த சேகரிப்பாளர்களே. அத்தட்டுகளின் ஒரு பக்கம் ஏறத்தாழ மூன்று நிமிடம் ஓடும். விரிவான ஆலாபனையை அந்த அளவுக்குள் சுருக்கியே கலைஞர்கள் தந்தனர் என்பதை மனத்தில் கொண்டு கேட்க வேண்டும். தட்டின் நடுவில் ஒட்டிய தாளில் நிறுவனத்தின் பெயர், பட்டியல் எண், ராகம், தாளம் இருக்கும். தட்டின் பரப்பிலேயே பொறித்த பதிவெண் வேறாக இருக்கும். பதிவு எந்த ஆண்டில் நடந்தது என்பதை ஆய்வாளர் அந்தப் பதிவெண்ணைக் கொண்டே கணிப்பர். ஒலியை மட்டும் ஏற்றிவிட்டு ‘பழைய அரிய பாடல்’ என்று பெயரிட்டு விடுவோர், இந்த எண்களைக் கைவிடுவதன் மூலம் பதிவின் பாதி மதிப்பை அழித்துவிடுகின்றனர். இது கடுமையான கருத்தாகத் தோன்றலாம். ஆனால் பாடியவர் யாரென்று தெரியாமல் மிதக்கும் நூற்றுக்கணக்கான பதிவுகளைக் கண்டவர் மறுக்கமாட்டார்.

அச்சு நூல்களுக்கு வழி எளிது. 1998 தைப்பொங்கலன்று சுவிட்சர்லாந்திலிருந்து கு. கல்யாணசுந்தரம் தொடங்கிய மதுரைத் திட்டம், தன்னார்வலர் தட்டச்சு செய்த இலக்கியங்களைச் சொல் தேடக்கூடிய வடிவில் தருகிறது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம் பழைய பதிப்புகளின் பக்கங்களைப் படமாகவே தருகிறது. பாடபேதம் பார்க்க இரண்டாவதும், சொல் தேட முதலாவதும் ஏற்றவை.

லாச்சப்பல் வாசகருக்கு மிக நெருக்கமானது நூலகம் திட்டம். 1981ஆம் ஆண்டு மே மாத இறுதியில் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது அழிந்த ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏடுகளும் பற்றிய துயரம், ஈழத்து எழுத்தை ஒரே கட்டடத்தில் வைத்து நம்பியிருக்க முடியாது என்ற தெளிவைத் தந்தது. 2005இல் தன்னார்வலர்கள் தொடங்கிய அந்த எண்ணிம நூலகத்தில் நூல்களும் இதழ்களும் பத்திரிகைகளும் நினைவு மலர்களும் தொடர்ந்து சேர்க்கப்படுகின்றன. பாரிஸிலிருந்து வெளிவந்த ‘ஓசை’, ‘அம்மா’, ‘எக்ஸில்’, ‘உயிர்நிழல்’ போன்ற சிற்றிதழ்கள், வெளிவந்த காலத்தில் சில நூறு கைகளுக்குள் சுற்றியவை. புலம்பெயர் இலக்கியத்தை அறிய முனைபவர் இன்று அந்நூலகத்திலிருந்தே அவற்றைத் தேடத் தொடங்கலாம். அங்கே பக்கங்கள் படக்கோப்பாக இருப்பதால், கட்டுரைத் தலைப்பைக் கொண்டோ, இதழ்ப் பெயரையும் ஆண்டையும் கொண்டோ தேடுதல் வேண்டும்.

கிடைப்பதையெல்லாம் விருப்பம்போல் பயன்படுத்தலாம் என்று எண்ணுவதும் சரியன்று. ஆசிரியர் மறைந்து பிரான்ஸில் 70 ஆண்டுகளும் இந்தியாவில் 60 ஆண்டுகளும் கழிந்த பின்னரே ஆக்கம் பொதுவுடைமையாகும். ஒலிப்பதிவின் உரிமைக்காலம் வேறாகக் கணக்கிடப்படும். படிப்பதற்கும் கேட்பதற்கும் தடையில்லை. மறுபதிப்பும் விற்பனையும் வேறு செய்தி. இலவச ஆவணகம் என்றும் நிலைத்திருக்கும் என்ற நம்பிக்கையும் ஆபத்தானது. 2023 அக்டோபரில் பிரிட்டிஷ் நூலகம் கணினித் தாக்குதலுக்கு உள்ளானபோது, அதன் இணைய ஆவணங்கள் பல மாதக்கணக்கில் கைக்கு எட்டாமற்போயின. அழியும் நிலையிலுள்ள ஆவணங்களுக்கான அதன் திட்டத்தில் படமாக்கப்பட்டவையும் அவற்றுள் அடங்கும். எனவே, தேவையான பக்கங்களைச் சட்டம் இடம் தரும் அளவில் இறக்கி வைத்துக்கொள்வதும், சுவடி எண்ணையும் ஆவணகம் தரும் நிலையான முகவரியையும் குறித்துக்கொள்வதும் நல்ல வழக்கமாகும். கணினி இல்லாதோர், லாச்சப்பலுக்கு அருகே பழைய பஜோல் தொடருந்துக் கொட்டகையில் 2013 முதல் இயங்கும் வாட்ஸ்லாவ் ஹாவெல் நூலகம் போன்ற மாநகர நூலகங்களை நாடலாம். அங்கு உறுப்பினராவது இலவசம்.

தேடி எடுப்பதோடு கொடுத்து வைக்கும் கடமையும் உண்டு. 1838இன் அரங்க விளம்பரத்தை அன்று யாரோ கோத்து வைத்ததால் இன்று படிக்க முடிகிறது. 1980களிலும் 1990களிலும் லாச்சப்பலில் ஒட்டப்பட்ட நாடக அறிவிப்புகளும், கலைவிழா மலர்களும், ஊர்ச்சங்க ஆண்டறிக்கைகளும், ஒலிநாடாவில் பதிந்த அரங்கேற்றங்களும் கூத்துகளும் வீட்டு அலுமாரிகளிலும் நிலவறைகளிலும் கிடக்கின்றன. ஒலிநாடாவின் காந்தப்பூச்சு காலப்போக்கில் உதிரும். மலிவான தாள் பழுத்து ஒடியும். வைத்திருப்பவர் மறைந்தபின் தமிழ் படிக்கத் தெரியாத அடுத்த தலைமுறை வீட்டைக் காலி செய்யும்போது அவை குப்பைக்கே போகும். அவற்றை வைத்திருப்போர், எந்த ஆண்டு, எந்த மண்டபம், பாடியவர் யார், பக்கவாத்தியம் யார் என்பதை நினைவிருக்கும்போதே ஒரு தாளில் எழுதி அவற்றோடு சேர்த்து, நூலகம் போன்ற திட்டங்களின் தன்னார்வலரிடம் படமெடுக்கவும் ஒலியை மாற்றவும் கொடுத்துதவ வேண்டும்.